டீ வைத்துவிட்டுப் போகிறவன்

அன்புள்ள ஐயா,

வணக்கம். எனக்கு 29 வயது. சொந்த ஊர் தேனி பக்கம். ஆறு வருடமாக வடபழனியில் நான்கு பேரோடு ஓர் அறையில் தங்கி நடிக்க வாய்ப்புத் தேடுகிறேன். பதினோரு குறும்படங்களில் நடித்திருக்கிறேன். நான்கு பெரிய படங்களில் சின்ன வேடம் கிடைத்தது. அதில் ஒன்றில் கதாநாயகனுக்கு டீ கொண்டுவந்து வைத்துவிட்டு, ‘சார், உங்கள உள்ள கூப்பிடுறாங்க’ என்று சொல்வேன். அம்மா அந்த இடத்தை மட்டும் திரும்பத் திரும்பப் போட்டுப் பார்க்கிறார்.

இனி யாரிடமும் கெஞ்சுவதில்லை, எனக்கான கதையை நானே எழுதிக்கொள்வது என்று முடிவெடுத்துவிட்டேன். மலையாளத்தில் ஸ்ரீனிவாசன் அப்படித்தானே மேலே வந்தார்? ‘உதயனாணு தாரம்’ பார்த்தபோது என் கதையையே பார்ப்பது போலிருந்தது. முதல் காட்சியை இணைத்திருக்கிறேன். திரைக்கதை எழுத எந்த மென்பொருள் நல்லது? பயிற்சி வகுப்பில் சேரலாமா? கதையோடு போனால் ‘நீயே நடி’ என்று சொல்வார்களா? பெயர் வெளியிட வேண்டாம்.

அன்புடன்,
ஒரு வாசகர்

*

அன்புள்ள தம்பி,

மென்பொருளை முதலில் முடித்துவிடுவோம். எதில் வேண்டுமானாலும் எழுதுங்கள். கோடு போட்ட நோட்டும் பேனாவும் போதும். பக்கத்தை இரண்டாகப் பிரித்து இடப்பக்கம் நடப்பதையும் வலப்பக்கம் பேசுவதையும் எழுதினால் இங்கே எந்த உதவி இயக்குநருக்கும் புரியும். வகுப்புக்குப் போவதும் போகாமலிருப்பதும் உங்கள் பணம், உங்கள் நேரம். அதில் எனக்குச் சொல்ல ஒன்றுமில்லை.

நடிக்க வந்து எழுத்தாளர்களானவர்களைப் பற்றிச் சில வாரங்களாகவே யோசித்துக்கொண்டிருந்தேன். அந்த நேரத்தில் உங்கள் கடிதம் வந்தது. அதனால்தான் இந்த நீளமான பதில். கொஞ்சம் கோபமும் இருக்கிறது. அதையும் சொல்லிவிடுகிறேன்.

‘உதயனாணு தாரம்’ உங்கள் கதை போலிருக்கிறது என்கிறீர்கள். 2005ல் ரோஷன் ஆண்ட்ரூஸ் இயக்கிய படம். வருடக்கணக்கில் உழைத்து ஒரு திரைக்கதை எழுதும் உதவி இயக்குநர் உதயபானுவாக மோகன்லால் நடித்தார். அந்தத் திரைக்கதையைத் திருடிக்கொண்டுபோய்ச் சூப்பர் ஸ்டார் சரோஜ்குமார் ஆகிவிடுபவன் ராஜப்பன். இந்தக் கதையை எழுதிய ஸ்ரீனிவாசன் தனக்கு எடுத்துக்கொண்ட வேடம் எது? திருடன் வேடம். நடிப்பே வராதவன், நன்றி கெட்டவன், ஊரே சிரிக்கும்படி உடுத்துகிறவன். தமிழில் 2008ல் ‘வெள்ளித்திரை’ என்று வந்தபோது பிரகாஷ்ராஜ் செய்த வேடம் அது. நீங்கள் படத்தைப் பார்த்தீர்கள், உதயபானு நான்தான் என்று நினைத்தீர்கள், கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுந்துவிட்டீர்கள். எழுதியவர் எங்கே நிற்கிறார் என்று பார்க்கவே இல்லை.

‘ஸ்ரீனிவாசன் எழுதித்தானே மேலே வந்தார்’ என்பதும் பாதிதான் சரி. தலசேரிக்குப் பக்கத்தில் பாட்டியம் அவருடைய ஊர். பொருளாதாரம் படித்துவிட்டுச் சென்னைக்கு வந்து நடிப்புப் படித்தார். 1976ல் பி.ஏ. பக்கரின் ‘மணிமுழக்கம்’ படத்தில் முதல் வேடம். 1979ல் அதே இயக்குநரின் ‘சங்ககான’த்தில் கதாநாயகன். அதாவது எழுதத் தொடங்கும் முன்பே கதாநாயகனாகிவிட்டார். அதனால் பெரிதாக எதுவும் நடந்துவிடவில்லை. பிறகு சின்னச் சின்ன வேடங்கள். பிரியதர்ஷனின் ‘ஓடருதம்மாவா ஆளறியாம்’ படத்துக்குத் திரைக்கதை எழுதியது 1984ல். நடுவில் எட்டு வருடம் போயிருக்கிறது.

அந்த எட்டு வருடத்தில் அவர் செய்த ஒரு வேலையைப் பற்றி யாரும் போதிய அளவு பேசுவதில்லை. மம்மூட்டியின் தொடக்ககாலப் படங்கள் சிலவற்றில் அவருக்குக் குரல் கொடுத்தவர் ஸ்ரீனிவாசன். அந்தக் காலத்து டப்பிங் எப்படி நடந்தது என்று உங்கள் தலைமுறைக்குத் தெரியாது. படச்சுருளில் ஒரு துண்டை வெட்டி, முனையோடு முனை ஒட்டி வளையமாக்கி, திரையில் திரும்பத் திரும்ப ஓட்டுவார்கள். அதற்கு லூப் என்று பெயர். மைக் முன்னால் நிற்பவர் இன்னொருவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருக்க வேண்டும். அந்த முகம் எங்கே மூச்சு வாங்குகிறதோ அங்கே இவரும் வாங்க வேண்டும். ‘ப’வும் ‘ம’வும் வரும் இடத்தில் அந்த உதடுகள் ஒட்டும், அந்த நொடியில் இவர் ‘அ’ சொல்லிக்கொண்டிருந்தால் அந்த டேக் போச்சு. இப்படியே ஒரு வசனத்தைப் பத்து முறை, இருபது முறை. இந்த வேலையைச் செய்தவருக்கு எந்த வசனம் வாயில் நிற்கும், எது பேப்பரில் மட்டும் நிற்கும் என்பது எலும்பிலேயே தெரிந்துவிடும். அதைவிட முக்கியம், தன் குரலை இன்னொருவர் முகத்துக்குக் கொடுத்துப் பழகிவிடுகிறார்.

ஸ்ரீனிவாசன் எழுதியவற்றை வரிசையாகப் பார்த்தால் இந்தப் பழக்கம் பளிச்சென்று தெரியும். 1986ல் ‘டி.பி. பாலகோபாலன் எம்.ஏ.’ எழுதினார், மோகன்லாலுக்கு முதல் கேரள மாநில விருது அதில் கிடைத்தது. 1998ல் ‘சிந்தாவிஷ்டயாய சியாமளா’வை எழுதி, இயக்கி, நடிக்கவும் செய்தார், மாநில விருது வாங்கியது சியாமளாவாக நடித்த சங்கீதா. கோழிக்கோடு கல்லாயியில் மரம் அளக்கும் வேலை பார்த்துக்கொண்டு நாடகம் நடித்த மாமுக்கோயாவை ‘காந்திநகர் செகண்ட் ஸ்ட்ரீட்’டுக்காகச் சத்யன் அந்திக்காட்டிடம் சொல்லிவிட்டவரும் இவர்தான். அடுத்த வருடமே அவருக்கு ஒரு கஃபூர் எழுதினார். ‘நாடோடிக்காற்று’ பார்த்தவர்கள் கஃபூர்க்காவை மறப்பார்களா? துபாய்க்குக் கொண்டுபோகிறேன் என்று காசு வாங்கி, இரண்டு பேரைச் சென்னைக் கடற்கரையில் இறக்கிவிடும் மனிதர். படத்தில் அவர் வரும் நேரம் கொஞ்சம்தான். ஆனால் படம் முழுக்க அவர் செய்த வேலையின் மேல்தான் ஓடுகிறது.

அந்தப் படத்திலிருந்து ஒரு வசனத்தை மட்டும் எடுத்துக்கொள்வோம். வேலை போன தாசனும் (மோகன்லால்) விஜயனும் (ஸ்ரீனிவாசன்) வங்கிக் கடனில் மாடு வாங்கிப் பணக்காரர்களாகிவிடலாம் என்று முடிவெடுக்கிறார்கள். இந்த யோசனை நமக்கு ஏன் முன்பே வரவில்லை என்று தாசன் கேட்கிறான். எல்லாவற்றுக்கும் அதற்கென்று ஒரு நேரம் இருக்கிறது தாசா என்கிறான் விஜயன். இதைத் தாளில் தனியாக எழுதிப் பாருங்கள். பள்ளிக்கூடச் சுவரில் எழுதிவைக்கிற வாசகம். சிரிக்க ஒன்றுமில்லை. பிறகு ஏன் கேரளம் முழுக்க இன்றும் அதைச் சொல்லிச் சிரிக்கிறார்கள்? தாசன் பி.காம். முதல் வகுப்பு, அதை மூச்சுக்கு மூச்சு சொல்லிக்காட்டுகிறவன். விஜயன் ப்ரீ டிகிரி தேறாதவன். தேறாதவன் முதல் வகுப்புக்காரனுக்குத் தத்துவம் சொல்கிறான். முதல் வகுப்புக்காரன் தலையாட்டிக் கேட்டுக்கொள்கிறான். மாடு கைவிடப்போகிறது என்பது நமக்குத் தெரியும், அவர்கள் இருவருக்கும் தெரியாது. சிரிப்பு அந்த வசனத்தில் இல்லை, தம்பி. மோகன்லால் அதைக் கேட்கும் விதத்தில் இருக்கிறது. ஸ்ரீனிவாசன் தான் பேசுவதை எழுதும்போதே தாசன் கேட்பதையும் எழுதிவிட்டார்.

‘சந்தேசம்’ படத்திலும் அப்படித்தான். 1991ல் வந்தது. தமிழ்நாட்டில் ரயில்வேயில் வேலை பார்த்து ஓய்வுபெற்று ஊர் திரும்பும் தந்தையாகத் திலகன். எதிரெதிர்க் கட்சிகளில் இருக்கும் இரண்டு மகன்களாக ஸ்ரீனிவாசனும் ஜெயராமும். தேர்தலில் தோற்ற பிறகு கட்சி ஆபீஸில் ஓர் ஆய்வுக் கூட்டம் நடக்கும். ஏன் தோற்றோம் என்பதற்கு, கட்சியின் தத்துவக்காரராக வரும் சங்கராடி கட்சி மொழியில் விளக்கம் சொல்வார். வாக்கியம் வளர்ந்துகொண்டே போகும். அந்தக் காட்சியில் ஸ்ரீனிவாசனும் இருக்கிறார். ஆனால் காட்சியைத் தூக்கி நிறுத்துவது பாபி கொட்டாரக்கரா. சாதாரணத் தொண்டன். ஒன்றும் புரியாமல் உட்கார்ந்து, இதை எளிமையாகச் சொல்லக் கூடாதா என்று கேட்கிறவன். அந்த ஒருவனை எடுத்துவிட்டால் சங்கராடியின் பேச்சு வெறும் கேலியாகிவிடும். அவன் இருப்பதால் அது தோற்றவர்களின் அறையாக இருக்கிறது. (அந்தப் படம் அரசியல் மீதே வெறுப்பு வர வைக்கிறது என்று சிலர் சொல்வார்கள். அது தனி விவாதம், இங்கே வேண்டாம்.)

இப்போது உங்கள் காட்சிக்கு வருகிறேன்.

நான்கு பக்கம். வாய்ப்பு மறுக்கப்பட்ட நடிகன் தயாரிப்பாளரின் ஆபீஸுக்குள் நுழைகிறான். திறமை, உழைப்பு, பசி, அம்மா, ஊர் என்று இரண்டரைப் பக்கம் பேசுகிறான். தயாரிப்பாளர் ‘அமைதியாகக் கேட்கிறார்’. முடிவில் எழுந்து நின்று கைதட்டுகிறார்.

சத்தமாகப் படித்து நேரம் பாருங்கள். அந்தப் பேச்சு மட்டும் மூன்றரை நிமிடம் வரும். இரண்டே கால் மணி நேரப் படத்தில் எழுபது காட்சி என்று வைத்துக்கொண்டால் ஒரு காட்சிக்குச் சராசரியாக இரண்டு நிமிடம்கூடக் கிடையாது. நீளம்கூடப் பரவாயில்லை, அந்த மூன்றரை நிமிடமும் எதிரே இருப்பவர் என்ன செய்கிறார்? ‘அமைதியாகக் கேட்கிறார்.’ படத்தொகுப்பாளர் எங்கே வெட்டுவார்? உங்கள் முகத்திலிருந்து அவர் முகத்துக்குப் போவார்; அங்கே அதே முகம். மறுபடி உங்களிடம் வருவார். இரண்டாவது நிமிடத்தில் வேறு வழியில்லாமல் மின்விசிறியையும் சுவரில் மாலை போட்ட படத்தையும் காட்டுவார். மூன்றாவது நிமிடத்தில் வயலின் வந்துவிடும். படப்பிடிப்பில் இன்னொரு சங்கடம் இருக்கிறது. நம் ஊரில் இன்னமும் பல இடங்களில் உதவி இயக்குநர் வசனத்தை எடுத்துக்கொடுக்க, நடிகர் வாங்கிச் சொல்கிறார். உங்கள் வாக்கியங்களில் பாதி ஒரே மூச்சில் எடுத்துக்கொடுக்க முடியாதவை. துண்டு துண்டாகச் சொல்லி, துண்டு துண்டாக எடுத்து, அதை ஒட்டி ஓர் உணர்ச்சியாக்க வேண்டும். ஒட்டுப்போட்டது திரையில் தெரியும்.

சோதனை ஒன்று சொல்கிறேன். நாயகனின் வசனங்களை ஒரு காகிதத்தால் மறைத்துவிட்டு மற்றவர்கள் பேசுவதை மட்டும் படியுங்கள். ‘ம்’, ‘உட்காருங்க’, ‘அப்புறம்?’, ‘சபாஷ்!’ இவ்வளவுதான் தேறுகிறது. காட்சி என்று ஒன்று இன்னும் எழுதப்படவே இல்லை. ‘நாடோடிக்காற்று’க்கும் ‘சந்தேச’த்துக்கும் இதே சோதனையைச் செய்து பாருங்கள். யாருடைய வசனத்தை மறைத்தாலும் மிச்சமிருப்பவரின் பேச்சில் ஒரு மனிதர் தெரிவார்.

இதையெல்லாம் எல்லோரும்தான் தொடக்கத்தில் செய்கிறார்கள், மன்னித்துவிடலாம். மன்னிக்க முடியாதது மூன்றாம் பக்கத்தில் ஒரு வரி: ‘ஆபீஸ் பாய் டீ வைத்துவிட்டுச் செல்கிறான்.’

அவனுக்குப் பெயர் இல்லை. வயது இல்லை. அவன் யாருக்கு வைத்தான், யாருக்கு வைக்கவில்லை என்றும் இல்லை. கடிதத்தின் முதல் பத்தியில், டீ வைத்த அந்த ஓர் இடத்தை உங்கள் அம்மா திரும்பத் திரும்பப் பார்க்கிறார் என்று எழுதியிருக்கிறீர்கள். அதைப் படித்தபோது மனம் கனத்துப்போனது. அந்த இடத்தில் தட்டோடு நின்றவர் நீங்கள். கேமரா எங்கே இருக்கிறது, தன் நிழல் நாயகன் மேல் விழுகிறதா, எந்த வார்த்தை முடிந்ததும் உள்ளே போக வேண்டும், தம்ளரை வைக்கும் சத்தம் வசனத்தின் மேல் விழக் கூடாதே என்று உடம்பு முழுக்கக் கவனமாக நின்றவர். அந்தக் கவனத்தை ஆறு வருடம் பழகியிருக்கிறீர்கள். இதைவிடப் பெரிய மூலதனம் எழுத வருகிற ஒருவருக்கு வேறு என்ன வேண்டும்? ஆனால் பேனா கைக்கு வந்ததும் அவனை ஒரு வரியில் அனுப்பிவிட்டீர்கள். பெரிய இடத்துக்காரர்கள் உங்களுக்குச் செய்ததை நீங்கள் அவனுக்குச் செய்திருக்கிறீர்கள். இதற்குத்தான் கோபப்படுகிறேன்.

அவனை உள்ளே கொண்டுவந்து பாருங்கள், காட்சி எப்படி மாறுகிறதென்று. தயாரிப்பு அலுவலகத்தில் டீ கொடுப்பவனுக்கு எல்லாம் தெரியும். யார் வந்தால் பால் டீ, யார் வந்தால் காபி, யாருக்குக் கேட்காமலே வைக்க வேண்டும், யாருக்குச் சொன்னால் மட்டும். நேற்றைய மீட்டிங்குக்கும் அவன்தான் டீ கொண்டுபோனான். நாயகன் கேட்டு வந்திருக்கும் வேடத்தை இன்னொருவருக்குக் கொடுத்து அட்வான்ஸும் கைமாறியதைப் பார்த்திருக்கிறான். அதை நாயகன் உள்ளே நுழையும் முன்பே நமக்குக் காட்டிவிடுங்கள். பத்து விநாடி போதும். இப்போது நாயகன் பேசத் தொடங்கினால் அவன் பேசும் ஒவ்வொரு சொல்லும் வேறு மாதிரி விழும். அவனுக்குத் தெரியாதது நமக்குத் தெரியும், டீ வைப்பவனுக்கும் தெரியும். தயாரிப்பாளரைக் கெட்டவராக்காதீர்கள். அவருக்கு இவனைப் பிடித்திருக்கிறது. சொல்ல வாய் வரவில்லை, அதனால்தான் ‘டீ சாப்பிடுங்க’ என்கிறார். பையன் தட்டோடு வருகிறான். தட்டில் ஒரே ஒரு தம்ளர். இரண்டரைப் பக்கம் ஆறு வரியாகச் சுருங்கிவிடும். அதற்கு மேல் பேச நாயகனுக்கே முடியாது. கைதட்டலும் வேண்டியிருக்காது.

யாருக்கு எது முதலில் தெரிகிறது என்ற இந்தக் கணக்கில் ஸ்ரீனிவாசன் பெரிய ஆசாரி. 1989ல் அவரே எழுதி இயக்கி நடித்த ‘வடக்குநோக்கியந்திர’த்தை எடுத்துக்கொள்ளுங்கள். அந்த வருடத்தின் சிறந்த படத்துக்கான கேரள மாநில விருது பெற்ற படம். நாயகன் தினேசன், அச்சகம் நடத்துகிறவன். குள்ளம், கறுப்பு என்று தன்னைப் பற்றி மனதுக்குள் குமைகிறவன். அழகான ஷோபாவைக் கல்யாணம் செய்துகொண்டு, தனக்கு இவள் கிடைத்தது எப்படி என்ற கேள்வியிலிருந்து மீள முடியாமல் சந்தேகத்தில் விழுகிறான். படம் முழுக்க ஒரு காரியத்தை ஸ்ரீனிவாசன் கண்ணும் கருத்துமாகச் செய்திருக்கிறார்: ஷோபா மீது நமக்கு ஒரு கணமும் சந்தேகம் வராமல் பார்த்துக்கொள்கிறார். தினேசன் எதையாவது பார்த்துச் சந்தேகப்படும்போது அதன் உண்மை நமக்கு ஏற்கெனவே தெரிந்திருக்கிறது. இந்த வரிசையைத் திருப்பிப் போட்டால் என்ன ஆகும் என்று யோசியுங்கள். முதலில் சந்தேகம், பிறகு உண்மை என்று வைத்தால் நாமும் தினேசனோடு சேர்ந்து ஷோபாவை வேவு பார்ப்போம். அது துப்பறியும் படமாகிவிடும். படம் ஷோபாவுக்குத் துரோகம் செய்துவிடும். உண்மையை முதலில் வைத்ததால் முதல் பாதியில் தினேசனைப் பார்த்துச் சிரிக்கிறோம். பிற்பாதியில் அதே சிரிப்பு தொண்டையில் நின்றுவிடுகிறது.

இன்னொன்றையும் பாருங்கள். தினேசனின் தாழ்வுமனப்பான்மைக்கு ஆதாரமாகப் படம் காட்டுவது ஸ்ரீனிவாசனின் சொந்த முகத்தையும் சொந்த உயரத்தையும்தான். ஸ்டுடியோவில் கல்யாணப் படம் எடுக்கும்போது அந்த முகம் படும் பாட்டை, மனப்பாடம் செய்த நகைச்சுவையைச் சொல்லிவிட்டு யாராவது சிரிப்பார்களா என்று அது காத்திருப்பதை, எழுதியவரே முன்வந்து நின்று காட்டுகிறார். 2008ல் ‘திண்டுக்கல் சாரதி’யாகத் தமிழில் வந்தபோது கருணாஸ் நடித்தார். தேர்வு சரியானதுதான். ஆனால் இன்னொருவருக்காக எழுதப்பட்டதை நடிப்பதும், தன் முகத்தைத் தானே எழுதி நடிப்பதும் வேறு வேறு.

ஸ்ரீனிவாசன் இயக்கிய படங்கள் இரண்டே இரண்டு. இரண்டிலும் அவர்தான் முதன்மை நடிகர். ஒன்றில் சந்தேகக் கணவன். மற்றதான ‘சிந்தாவிஷ்டயாய சியாமளா’வில் குடும்பத்தைத் தட்டிக்கழித்து, பக்தியிலும் ஆசிரமத்திலும் ஒளிந்துகொள்ளும் விஜயன். திரும்பி வரும்போது சியாமளா தன் காலில் நின்றுவிட்டிருக்கிறாள். எழுத்து, இயக்கம், நடிப்பு மூன்றும் தன் கையில் இருந்த இரண்டு முறையும், பார்க்கிறவர்களுக்குக் கோபம் வர வேண்டிய ஆண் யாரோ அவனைத்தான் அவர் தனக்கு எடுத்துக்கொண்டார். நீங்கள் கடிதத்தில் சொன்ன ‘எனக்கான கதை’ என்பதை இங்கே வைத்துப் பாருங்கள்.

அவருக்கும் தவறியிருக்கிறது. 2012ல் ‘பத்மஸ்ரீ பரத் டாக்டர் சரோஜ்குமார்’ என்று அந்தத் திருட்டு சூப்பர் ஸ்டாரை மறுபடி அழைத்து வந்தார். அதில் எதிரே நின்று கேட்க யாருமில்லை. உதயபானு இல்லை. எல்லாமே ஓர் ஆளின் மேல் எறியப்படும் கற்களாகிவிட்டன. எழுதுபவர் அந்த மனிதனுக்குள் போகாமல் வெளியே நின்று எரிச்சலோடு எழுதினால் என்ன ஆகும் என்று தெரிந்துகொள்ள அதைப் பாருங்கள்.

கடைசியாக ‘கத பறயும்போள்’. 2007, இயக்கம் எம். மோகனன். இதைப் பற்றிச் சொல்லாமல் விட்டால் சொன்னதெல்லாம் வீண். கடனில் தவிக்கும் முடிதிருத்துபவர் பாலன். ஊருக்குப் படப்பிடிப்புக்கு வரும் சூப்பர் ஸ்டார் அசோக்ராஜ் அவருடைய இளமைக்கால நண்பர் என்று ஊருக்குத் தெரியவருகிறது. நேற்றுவரை ஏறிட்டுப் பார்க்காதவர்கள் இன்று அவர் வீட்டு வாசலில். பாலனுக்கோ போய் நண்பனைப் பார்க்கக் கூச்சம். ஸ்டாராக நடித்தவர் மம்மூட்டி. படத்தில் மிகக் குறைந்த நேரமே வருகிறார். இந்தக் கதை நிற்பதே அவர் இல்லாமலிருப்பதில்தான். ஊர் அவரைப் பற்றிப் பேசப் பேச, அவர் வராமலிருக்க வராமலிருக்க, பாலனோடு சேர்ந்து நமக்கும் அவர் தூரமாகிக்கொண்டே போகிறார். அவர் மறந்துவிட்டிருப்பார் என்றே நம்பிவிடுகிறோம். பிறகு பள்ளி விழா மேடையில் அவர் தன் பழைய நண்பனைப் பற்றிப் பேசுகிறார்.

அந்தப் பேச்சுதான் படத்தின் உச்சம். மூன்றரை நிமிடத்துக்கும் மேல் ஒருவர் தனியாகப் பேசுகிற காட்சி; உங்கள் காட்சியைப் போலத்தான். பிறகு அது ஏன் தாங்குகிறது? கூட்டத்தில் ஓர் ஓரமாகப் பாலன் நின்று கேட்டுக்கொண்டிருப்பதால். மொத்தப் படமும் அந்த முகத்துக்காகக் காத்திருந்திருக்கிறது. மேடையில் சொல்லப்படும் ஒவ்வொன்றும் அங்கே போய் இறங்குகிறது. வெட்டிக் காட்ட மின்விசிறி தேவையில்லை, வெட்டிப் போவதற்கு ஒரு மனிதர் இருக்கிறார். படத்தை எழுதியவரும் கதாநாயகனும் ஸ்ரீனிவாசன்தான். தன் படத்தின் மிகப் பெரிய பேச்சை மம்மூட்டிக்குக் கொடுத்துவிட்டு, தனக்கு அவர் எழுதிக்கொண்டது வசனமே இல்லாமல் நின்று கேட்பதை. ஒரு காலத்தில் மம்மூட்டியின் முகத்துக்குக் குரல் கொடுத்தவர், இப்போது அவர் குரலைக் கேட்க முகம் கொடுத்து நிற்கிறார்.

இதைத் தமிழில் 2008ல் பி. வாசு ‘குசேலன்’ ஆக்கினார். பசுபதி நல்ல நடிகர். தன் பங்கை ஒழுங்காகவே செய்தார். ஆனால் ஸ்டார் வேடத்தில் ரஜினிகாந்த். அவர் நடிக்கும் படத்தில் அவரைக் கடைசிவரை ஒளித்துவைக்க யாருக்குத் துணிச்சல் வரும்? அதனால் ஸ்டாரைப் படம் நெடுக வளர்த்தார்கள். நாம் ஸ்டாரை அடிக்கடி பார்த்துவிடுகிறோம், அவர் நல்லவர் என்றும் தெரிந்துவிடுகிறது. பிறகு பாலகிருஷ்ணனின் கூச்சத்துக்கு என்ன பொருள்? போய்ப் பார்த்துவிட வேண்டியதுதானே என்று தோன்றிவிடுகிறது. கடைசிப் பேச்சு அதே பேச்சுதான்; இறங்குவதற்கு இடமில்லாமல் போய்விட்டது. வீட்டு நடுத்தூணை அகலப்படுத்தி அறையையே அடைத்துவிட்ட மாதிரி.

‘நீயே நடி’ என்று சொல்வார்களா என்ற உங்கள் கேள்விக்கு என்னிடம் பதில் இல்லை. சொல்லலாம், சொல்லாமலும் போகலாம். கதையை யாரிடமும் சொல்லும் முன்னால் தென்னிந்தியத் திரைப்பட எழுத்தாளர் சங்கத்தில் உறுப்பினராகிப் பதிவு செய்துவிடுங்கள். ராஜப்பன்கள் படத்தில் மட்டும் இருப்பதில்லை.

அதற்கு முன்பு ஒரு வேலை. அந்த முதல் காட்சியைத் தூக்கி வைத்துவிட்டு, டீ கொண்டுவருபவனிடமிருந்து மறுபடி எழுதுங்கள். காலையில் ஆபீஸைத் திறந்து கூட்டுவதில் தொடங்கலாம். நாயகனுக்கு மொத்தமே ஆறு வரி. தயாரிப்பாளருக்கு அந்த நேரத்தில் தலையில் வேறு ஒரு பாரம் இருக்கட்டும். அது என்ன என்பதை அவர் சொல்லக் கூடாது, நமக்குத் தெரிய வேண்டும். டீக்காரனுக்கு ஒரே ஒரு வசனம். நீங்கள் ஏற்கெனவே பேசியதையே கொடுக்கலாம்: ‘சார், உங்கள உள்ள கூப்பிடுறாங்க.’ நேற்றைய மீட்டிங்கைப் பார்த்த ஒருவன் இதைச் சொல்லும்போது நாயகனின் முகத்தைப் பார்த்துச் சொல்வானா, தட்டைப் பார்த்துச் சொல்வானா? அதை மட்டும் இரண்டு நாள் யோசியுங்கள். எழுதி முடித்ததும் சத்தமாகப் படித்து நேரம் குறித்துக்கொள்ளுங்கள். இரண்டு நிமிடத்தைத் தாண்டினால் நாயகனின் ஆறு வரியில் கைவையுங்கள், டீக்காரனின் ஒரு வரியைத் தொடாதீர்கள்.

அவனுக்கு ஒரு பெயர் வைத்துவிட்டு அனுப்புங்கள். படிக்கிறேன்.